கேமராவைக் கொண்டு வா

அன்பு மகளுக்கு,

நேற்று போனில் நீ அழாமல் பேசப் பார்த்தது எனக்குத் தெரிந்தது. உன் படத்துக்குப் பண உதவி கேட்டு இரண்டு வருடமாக எழுதி எழுதித் திருத்திய விண்ணப்பம் திரும்பி வந்துவிட்டது. அதைவிட, அவர்கள் சொன்ன காரணம்தான் உன்னைச் சுட்டிருக்கிறது. விட்டு வந்த நாட்டின் துயரத்தைப் படமாக்கினால் பணம் தருவார்களாம். இரவு ஷிப்ட் முடித்து வந்து உன்னோடு ஒரே அறையில் படுத்துக்கொள்ளும் பெண்களின் கதை வேண்டாமாம். அந்தப் பெண்களை எடுப்பதை மட்டும் நிறுத்திவிடாதே, கண்ணம்மா.

திரைப்பட இயக்குநர் ஜோனாஸ் மேகாஸைப் பற்றி முதலில் நீதான் சொன்னாய். அப்புறம் நானே தேடிப் படித்தேன். 1944-இல் தம்பியோடு லிதுவேனியாவை விட்டுக் கிளம்பி, ஜெர்மனியில் முகாம் முகாமாக அலைந்து, 1949-இல் நியூயார்க் போய்ச் சேர்ந்த மனிதர். போன சில வாரங்களிலேயே கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கியிருக்கிறார். தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டே, தன்னைப் போல ப்ரூக்ளினுக்கு வந்து சேர்ந்தவர்களை எடுத்தார். 1949 முதல் 1963 வரை எடுத்த சுருள்கள் 1976-இல்தான் முழுப்படமாயின. யாரும் கேட்காத காலத்தில் எடுத்து வைத்ததால்தானே எடிட் செய்ய ஏதோ இருந்தது? நீயும் இப்போதைக்கு வேலையை விடாதே. அந்தச் சம்பளம்தான் உன் கேமராவையும் காப்பாற்றுகிறது.

எடுத்ததைப் பத்திரமாக வை. 1973-இல் சிலியில் ராணுவம் ஆட்சியைக் கவிழ்த்த பிறகு, அந்த நாட்டு ஆவணப்பட இயக்குநர் பத்ரிசியோ குஸ்மான் எடுத்த சுருள்கள் ஸ்வீடன் தூதரகம் வழியாகத்தான் வெளியே போயின. கியூபாவில் உட்கார்ந்து எடிட் செய்தார். உன்னுடையது எல்லாம் ஒரே ஹார்ட் டிஸ்க்கில் இருக்கிறதென்றாயே, இன்றைக்கே இன்னொரு பிரதி எடுத்துத் தோழியிடம் கொடு.

சரி, சொல்ல வந்தது வேறு. மேகாஸ் 27 வருடம் கழித்து, 1971-இல், ஊருக்குப் போய்த் தன் அம்மாவைப் படம் எடுத்திருக்கிறார். அந்த அம்மா வெளியே அடுப்பு மூட்டிச் சமைப்பதைப் பார்த்த நாளிலிருந்து எனக்கு மனம் கேட்கவில்லை. போன முறை நீ கேமராவைத் தூக்கியபோது, "என்னை எடுத்து என்ன ஆகப்போகிறது" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டேன். நீ ஒன்றும் சொல்லாமல் மூடி வைத்துவிட்டாய். அது என் தப்பு.

அடுத்த முறை கொண்டு வா. உன் பாட்டியைப் பற்றி நீ கேட்டு நான் சொல்லாமல் விட்டதெல்லாம் சொல்கிறேன். மைக்கை எங்கே குத்திக்கொள்வது என்று மட்டும் காட்டு.

அன்புடன்,
அம்மா