அடையாளம் தெரியாத பெட்டிகளைத் திறந்து பாருங்கள்

ஐரோப்பியத் திரைப்பட ஆவணக்காப்பகங்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம்.

1914-இல் நினோ மார்தோல்யோ இயக்கிய ‘ஸ்பெர்துத்தி நெல் பூயோ’ (இருளில் தொலைந்தவர்கள்) என்ற இத்தாலிய மௌனப் படத்தை இன்னொரு முறை தேடுங்கள் என்று கேட்கவே இந்த மடல். ரோம் திரைப்படப் பள்ளியான சென்ட்ரோ ஸ்பெரிமென்ட்டாலேயில் இருந்த பிரதியை இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மானியப் படையினர் எடுத்துச் சென்றார்கள். அதன்பின் அது யார் கண்ணிலும் படவில்லை.

ரொபெர்த்தோ பிராக்கோவின் நாடகம்தான் மூலம். நேப்பிள்ஸ் நகரின் ஏழைத் தெருக்களில் திரியும் பார்வையற்ற நுன்சியோ, ஒரு பிரபு கைவிட்ட மகளான பாவோலினாவுக்குத் துணையாகிறான். பிரபு மனம் மாறி மகளைத் தேடும்போது, பிரபுவின் காதலி லிவியா குறுக்கே நிற்கிறாள். நுன்சியோவாக சிசிலி மேடையின் பெரும் நடிகர் ஜொவான்னி கிராஸ்ஸோ, பாவோலினாவாக விர்ஜீனியா பாலிஸ்த்ரியேரி, உடன் மரியா கார்மி, தில்லோ லொம்பார்தி. இத்தனை பேர் உழைப்பில் நமக்கு எஞ்சியவை சில புகைப்படங்கள்தான்.

அந்தப் பள்ளியில் கற்பித்த உம்பெர்த்தோ பார்பரோ, மாளிகையையும் சேரியையும் மாற்றி மாற்றிக் காட்டும் இதன் படத்தொகுப்பைப் பெரிதும் போற்றினார். எளிய மக்களின் வாழ்வை உள்ளபடியே காட்டிய இத்தாலியத் திரைப்பட இயக்கமான நியோரியலிசத்தின் முன்னோடி இந்தப் படம் என்று இன்றும் எல்லாரும் எழுதுகிறார்கள். பார்க்காத படத்தை இப்படி வழிமொழிந்துகொண்டே இருப்பது எனக்கு உறுத்துகிறது. பார்பரோ சொன்னது சரியா என்று கண்ணால் பார்க்க வேண்டாமா?

நம்பிக்கைக்கு இடமில்லாமல் இல்லை. டென்மார்க் இயக்குநர் டிரையரின் ஜோன் ஆஃப் ஆர்க் மௌனப் படத்தின் முதல் வடிவம் 1981-இல் நார்வேயின் மனநல மருத்துவமனை ஒன்றில் கிடைத்தது. ‘மெட்ரோபோலிஸ்’ என்ற ஜெர்மானிய மௌனப் படத்தின் தொலைந்த காட்சிகள் 2008-இல் பியூனஸ் அயர்ஸில் வெளிப்பட்டன. இரண்டுமே யாரும் எதிர்பாராத இடங்கள்.

ஆனால் அக்காலப் படங்கள் பதிவான நைட்ரேட் சுருள் காத்திருக்காது. முதலில் பிம்பம் மங்கும், பிறகு சுற்றுகள் ஒன்றோடொன்று பிசுபிசுவென ஒட்டும், கடைசியில் பழுப்புத் தூளாகிவிடும். அதற்கு முன் உங்கள் கிடங்குகளில் பெயர்ச்சீட்டு இல்லாமல் கிடக்கும் சுருள்களை இந்தப் புகைப்படங்களோடு ஒப்பிட்டுப் பாருங்கள். காட்சிகளுக்கிடையே வரும் எழுத்து அட்டைகள் வேறு மொழியில் இருந்தாலும், தொலைந்தே போயிருந்தாலும், கிராஸ்ஸோவின் முகத்தை அடையாளம் காணலாம். ரோமிலிருந்து சென்ற சரக்குகள் பற்றிய போர்க்காலக் கோப்புகள் உங்களிடம் இருந்தால் ஆய்வாளர்களுக்குத் திறந்துவிடுங்கள். ஒரேயொரு சுருள் கிடைத்தாலும் பெரிய காரியம்.

அன்புடன்,
ஒரு மௌனப்பட ரசிகர்