ரங்கூன் கம்பெனி விஷயமாக

அன்புள்ள சபாபதி,

இங்கே எல்லோரும் நலம். மீனாவுக்குத் தையில் நிச்சயம் வைத்திருக்கிறோம், பத்திரிகை தனியாக வரும்.

உன் தம்பி மகன் போன வாரம் கடைக்கு வந்திருந்தான். அவன் போனதிலிருந்து மனசு சரியில்லை. ரங்கூன் கம்பெனி ஒன்றோடு உளுந்து வியாபாரத்தில் கூட்டுச் சேரப் போகிறானாம். "மேலிடத்தில் ஆள் இருக்கு மாமா, லைசென்ஸ் ஒரே நாளில் வந்துடும்" என்கிறான். நீயும் சரி சொல்லிவிட்டாயாமே? ஒரு குடை வாங்க நாலு கடை ஏறி இறங்குகிறவனாயிற்றே நீ!

அவன் கொண்டுவந்த சாம்பிளைக் கையில் அள்ளிப் பார்த்தேன். எஸ்க்யூ என்கிற உயர்ரக உளுந்து, நல்ல பருமன், தூசி தும்பு இல்லை. சரக்கைக் குறை சொல்ல மாட்டேன். என் பயமெல்லாம் அந்த மேலிடத்தைப் பற்றித்தான்.

பர்மாவில் ராணுவ ஆட்சியில் கம்பெனி எப்படி வளரும் தெரியுமா? ஹ்டூ டிரேடிங்கை எடுத்துக்கொள். தே ஸா என்ற வியாபாரி 1990இல் தொடங்கியது. தான் ஷ்வே என்ற ராணுவ ஆட்சித் தலைவருக்கு அவர் நெருக்கம். தேக்கு வெட்ட அனுமதி கிடைத்தது, புதுத் தலைநகர் நேபிடோவைக் கட்டும் வேலை கிடைத்தது, 2004இல் சொந்த விமானக் கம்பெனியே வந்துவிட்டது. 2007இல் போராடிய புத்த பிக்குகளை ராணுவம் சுட்டு அடக்கியதும் அமெரிக்கா அவர் மேல் தடை போட்டது. அடுத்த மாதமே அந்த விமானங்களின் சிங்கப்பூர் சேவை நின்றது. 2016இல் தடையை விலக்கினார்கள். ராணுவம் மறுபடி ஆட்சியைக் கவிழ்த்த பிறகு 2022 ஜனவரியில் மறுபடியும் போட்டார்கள், இந்தத் தடவை இரண்டு மகன்கள் பெயரையும் சேர்த்து. நம் பையன் கூட்டுச் சேர்ந்த கம்பெனிக்கு இப்படி ஒன்று வந்தால் எந்த வங்கி அவனுக்கு டாலர் அனுப்பும்?

வெளிநாட்டுத் தடையை விடு, உள்ளேயே கவிழ்வார்கள். கின் நியுன்ட் அங்கே பிரதமராக இருந்து, உளவுத்துறையையே கையில் வைத்திருந்தவர். 2004 அக்டோபரில் ஒரே நாளில் வீழ்ந்தார். மகன் நடத்திய இன்டர்நெட் கம்பெனியும் கைவிட்டுப் போனது. மேலிடத்து ஆள் போனால் லைசென்ஸும் போகும், அவ்வளவுதான்.

இதையெல்லாம்விட என்னை உறுத்துவது வேறு. 2022 ஆகஸ்டில் அங்கே ஒரு விதி போட்டார்கள். ஏற்றுமதியில் வரும் டாலரில் 65 சதவீதத்தை, டாலருக்கு 2,100 கியாட் (பர்மா நாணயம்) என்ற அரசு விலைக்கே அப்போது மாற்ற வேண்டியிருந்தது. வெளிச்சந்தையில் டாலர் அதைவிட வெகு அதிகமாக இருந்தது. அந்த நட்டத்தை வியாபாரி தன் கையிலிருந்தா கட்டுவான்? விளைச்சல் விலையில் கழித்துக்கொள்வான். கடைசியில் பகோவிலும் ஐராவதியிலும் உளுந்து போட்டவன் தலையில்தான் விடியும். அரசு விலையில் டாலர் வாங்க முடிந்தவனுக்கோ உட்கார்ந்த இடத்தில் லாபம். நம் ஊர் இட்லி மாவில் அந்தக் காசும் கலந்துதான் வருகிறது, சபாபதி. முழுசாகத் தவிர்க்க வழியில்லைதான். ஆனால் தெரிந்தே கூட்டாளியாக வேண்டுமா?

பையன் கெட்டிக்காரன், உழைப்பாளி. பர்மா உளுந்துதான் வேண்டும் என்றால் ரங்கூனின் பயின்னவுங் மொத்தச் சந்தையில் தலைமுறையாகப் பருப்பு விற்கிறவர்கள் இருக்கிறார்கள். கமிஷன் குறையும், லைசென்ஸுக்கு நாளாகும், ஆகட்டும். ஒப்பந்த நகலை எனக்கு அனுப்பச் சொல். பணம் யார் பெயரில், எந்த வங்கிக்குப் போகிறது என்று பார்த்துச் சொல்கிறேன். அதுவரை அவன் கையெழுத்துப் போடக் கூடாது.

தங்கச்சியை விசாரித்ததாகச் சொல்.

உன்
ராமநாதன்