இம்மாதத் திரைப்படம்: ‘ஸ்பான் ஆஃப் த நார்த்’ (1938)

உறுப்பினர்களுக்கு வணக்கம். இம்மாத உரையாடலுக்கு ஹென்றி ஹாத்தவே இயக்கிய இப்படத்தை எடுத்துக்கொள்கிறோம். அலாஸ்காவில் சால்மன் மீனை டப்பாவில் அடைக்கும் ஆலையை நடத்துபவராக ஹென்றி ஃபோண்டாவும், பொறிகளில் சிக்கிய மீனைத் திருடும் கும்பலோடு சேர்ந்துவிடும் அவருடைய நண்பராக ஜார்ஜ் ராஃப்டும் நடித்திருக்கிறார்கள்.

பொறிகளைப் பற்றிச் சற்று அறிந்துகொண்டு பார்ப்பது நல்லது. முட்டையிட ஆற்றுக்குத் திரும்பும் சால்மன்களை வழிமறித்துக் கூண்டுக்குள் செலுத்தும் அந்தப் பெரும் பொறிகள் பெரும்பாலும் வெளியூர் ஆலை முதலாளிகளின் கையில் இருந்ததால், உள்ளூர் மீனவர் பலர் அத்திருட்டைக் குற்றமாகவே கருதவில்லை. 1959இல் அலாஸ்கா மாநிலமானபோது அவை தடைசெய்யப்பட்டன. இந்த நியாயத்தைப் படம் போதிய அளவு பேசவில்லை என்பது என் வருத்தம். ஆனாலும், சிறப்பு ஆஸ்கர் பெற்ற அதன் காட்சி, ஒலி உத்திகளுக்காகவே அனைவரும் பார்க்க வேண்டும். கருத்துகளை ஞாயிறு மாலைக்குள் இங்கே பதிவிடுங்கள்.