சேமநிதி பற்றி மகனுக்கு

ஆயர் ஈத்தாம், பினாங்கு.

அன்பு மகனுக்கு அப்பா எழுதிக்கொண்டது.

இங்கு அனைவரும் நலம். அம்மாவின் முழங்கால் வலி முன்போலத்தான் இருக்கிறது. பெரியத்தை வீட்டு விவகாரம் நீ சொன்னபடியே முடிந்தது. ஒரு மாதமாக உன் குரலைக் கேட்கவில்லை என்று அம்மா சொல்கிறாள். வேலை அதிகமாக இருக்கும் என்று நான் சொல்லி வைத்திருக்கிறேன்.

நான் எழுத உட்கார்ந்தது சேமநிதிக்காக. மாதச் சம்பளக்காரனுக்கு முதலாளி தம் பங்கைக் கட்டுவார். சனி, ஞாயிறுகளில் கல்யாண வீடியோ எடுத்து, வாரநாட்களில் பிறருடைய விளம்பரங்களுக்குப் படத்தொகுப்புச் செய்து, மிஞ்சும் பணத்தையெல்லாம் சொந்தப் படத்தில் போடும் உனக்கு யார் கட்டுவார்கள்? விரும்பினால் நாமே கட்டலாம் என்று முன்பே சொன்னேன். சொந்தத் தொழில் செய்பவர்கள் வேலையில் அடிபட்டால் கைகொடுக்கும் சொக்சோ காப்பீட்டுச் சட்டமும் 2017இலேயே வந்துவிட்டது. ஏணியில் ஏறி விளக்குக் கட்டுகிறவனுக்கு அது வேண்டாமா? அரசாங்கத் திரைப்பட வளர்ச்சிக் கழகமான ஃபினாஸின் உதவிக்கு விண்ணப்பித்தாயா என்பதையும் நீ சொல்லவில்லை.

2016இல் மலேசியத் திரைப்பட விழாவில் 'ஜகாட்' சிறந்த படமாகத் தேர்வானபோது, "நம்ம தமிழ்ப் படம்ப்பா!" என்று தொலைபேசியில் கத்தினாய். அந்த இயக்குநருக்குச் சேமநிதி இருக்கிறதா என்றுதான் நான் கேட்டேன். நீ சிரிக்கவில்லை.

போன மாதம் ஜார்ஜ்டவுனில் உன் படத்தைத் திரையிட்டபோது நான் வந்திருந்தேன். தகரக் கூரையில் மழை முதலில் ஒன்றிரண்டு சொட்டாக விழுந்து, பிறகு பேச்சே கேட்காதபடி கொட்டும் அந்தச் சத்தம், நம் பழைய லயத்து வீட்டுச் சத்தமேதான்; அதை எங்கே போய்ப் பிடித்தாய்? கடைசியில் எழுத்து, ஒளிப்பதிவு, ஒலி, படத்தொகுப்பு, இயக்கம் என்று உன் பெயர் ஐந்து முறை வந்தது. அதன் பின்னால் என் பெயரும் ஐந்து முறை வந்தது. (வேறு ஆள் வைக்கப் பணமில்லை போலும் என்பதே எனக்கு முதலில் தோன்றியது.) பக்கத்தில் இருந்தவர் என்னோடு துறைமுகத்தில் வேலை பார்த்தவர், நீ கணினி நிறுவனத்தில் இருப்பதாகப் பத்து வருடமாக அவரிடம் சொல்லி வருகிறேன். "உங்கள் பெயராக இருக்கிறதே, மகனா?" என்று கேட்டார். "இல்லை, வேறு யாரோ" என்றேன்.

திரும்பியபோது நீ கதவோரம் நின்றிருந்தாய். உன் காதில் விழுந்திருக்கும். நான் மறு கதவு வழியாக வெளியேறி, நீ பின்னால் வந்துவிடுவாயோ என்று வேகமாகப் பேருந்து நிறுத்தத்துக்கு நடந்தேன்.

நேற்று அவர் வீட்டுக்குப் போய் உண்மையைச் சொன்னேன். அன்றைக்கே தெரியும் என்றார்.

இந்த மாதச் சேமநிதியை நானே கட்டிவிடுகிறேன். கணக்கு எண்ணைச் சொல்ல ஒரு முறை அழைத்தால் போதும்.

அப்பா