நான்கு கட்டத்திலும் ஒரே பெயர்

குறும்பட, ஆவணப்பட விழாக்களை நடத்தும் அன்பர்களுக்கு,

வணக்கம். போன மாதம் உங்களில் ஒருவர் நடத்தும் விழாவுக்குப் படம் அனுப்பினேன். இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, தயாரிப்பு என்று படிவத்தில் நான் நிரப்பிய நான்கு கட்டத்திலும் என் பெயர்தான். இரண்டு நாளில் போன் வந்தது. "தம்பி, டெக்னீஷியன் பேரெல்லாம் ஒழுங்கா போட்டு அனுப்புங்க. இப்படி இருந்தா காலேஜ் புராஜெக்ட்னு ஜூரி ஒதுக்கிடுவாங்க." நல்லெண்ணத்தில்தான் சொன்னார். நண்பர்கள் இரண்டு பேர் பெயரைச் சொருகிவிடலாமா என்று ஒரு ராத்திரி முழுக்க யோசித்தேன், பொய் சொல்வானேன்.

ரீமா தாஸ் இந்தப் படிவத்தை எப்படி நிரப்பியிருப்பார்? அசாமில் சாய்கான் பக்கத்துக் கிராமத்துக்காரர். நடிக்க வேண்டும் என்று மும்பை போனவர். சினிமாப் பள்ளி எதிலும் படித்ததில்லை. 'வில்லேஜ் ராக்ஸ்டார்ஸ்' படத்தை எழுதி, இயக்கி, தயாரித்து, கேமராவையும் பிடித்து, எடிட்டிங்கும் அவரே செய்தார். 2018இல் அறிவித்த 65ஆவது தேசிய விருதுகளில் சிறந்த படம் அதுதான். எடிட்டிங் விருதும் அவருக்கே. அந்த வருடம் ஆஸ்கருக்கு இந்தியா அனுப்பியதும் அந்தப் படத்தைத்தான்.

ஆள் இல்லாததால்தான் அவரால் வருடக்கணக்கில் எடுக்க முடிந்தது. யூனிட் என்றால் பேட்டா, வண்டி, சாப்பாடு. மழை வந்தாலும் வராவிட்டாலும் மீட்டர் ஓடும். தனியாளுக்கு அந்தப் பதற்றம் கிடையாது. வெள்ளம் வரும்வரை காத்திருக்கலாம். படத்தில் தெர்மாகோல் கிட்டாரோடு திரியும் அந்தக் கிராமத்துப் பிள்ளைகள் கேமராவுக்குக் கூசவே இல்லை, கவனித்தீர்களா? எதிரே நின்றது சொந்த ஊர் அக்கா.

எல்லாம் ஒற்றை ஆளே செய்துவிடலாம் என்று நான் மார்தட்டவில்லை. அந்தப் படத்துக்கு ஸ்பாட்டில் சவுண்ட் பிடித்தவர் மல்லிகா தாஸ். அவருக்கும் தேசிய விருது கிடைத்தது. ஃபோகஸில் கண் இருக்கும்போது காது வேலை செய்யாது. என் படத்தில் பாட்டி தன் கல்யாணக் கதையைச் சொல்லும்போது ஆட்டுக்குட்டி கத்தி, முக்கியமான ஒரு வரி அமுங்கிப்போய்விட்டது. அதற்காக நிராகரியுங்கள், வாயைத் திறக்கமாட்டேன்.

கேட்பது ஒன்றுதான்: படத்தை முதலில் பாருங்கள், படிவத்தை அப்புறம் பிரியுங்கள்.

நேற்று அதே படிவத்தை மறுபடி அனுப்பியிருக்கிறேன். போன தடவை காலியாக விட்ட ஒலிப்பதிவுக் கட்டத்தில் மட்டும் 'கேமராவில் இருந்த மைக்' என்று எழுதியிருக்கிறேன்.