பழைய கோல்ஃப் விளையாட்டையும் எழுதுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம். வீடியோ கேம் வரலாறு என்றாலே எல்லாரும் மாரியோவோடு நிறுத்திக்கொள்கிறார்கள், 1984-ல் ஜப்பானில் நிண்டெண்டோவின் ஃபாமிகாம் என்ற வீட்டு வீடியோ கேம் கருவிக்கு வந்த 'கோல்ஃப்' பற்றியும் எழுதுங்களேன். அதற்கு நிரல் எழுதிய சடோரு இவாடா பின்னாளில் அந்த நிறுவனத்துக்கே தலைவரானார். 18 குழிகளையும் கேம் பதிந்த அந்தச் சின்ன கார்ட்ரிஜுக்குள் அடக்க, தரவைச் சுருக்கும் வழியை அவரே உருவாக்கினார், எவ்வளவு பெரிய வேலை அது! அப்புறம் பந்தை அடிக்கும் அந்த மட்டை வீச்சு. பொத்தானின் முதல் அழுத்தலில் திரையிலுள்ள அளவுகோலில் குறி ஓடத் தொடங்கும், இரண்டாவதில் வேகம் முடிவாகும், மூன்றாவதில்தான் பந்து நேராகப் போகுமா வளையுமா என்பது தெரியும், விரல் கொஞ்சம் பிந்தினால் போச்சு. பின்னால் வந்த எத்தனையோ கோல்ஃப் கேம்கள் இதே முறையைத்தான் எடுத்துக்கொண்டன. ஞாயிறு இணைப்பில் ஒரு பக்கம் கொடுங்கள்.

- வாசகர், கோவை