ஆல்வா அம்மையாருக்கு, ஒரு பெண்ணைப் பெற்றவளின் கடிதம்

அன்புள்ள ஆல்வா அம்மையாருக்கு,

வணக்கம். நீங்கள் காலமாகி 90 வருஷத்துக்கு மேல் ஆகிறது. ஆனாலும் போன வாரம் முழுக்க நான் உங்களோடுதான் சண்டை போட்டுக்கொண்டிருந்தேன். அடுப்படியில், துணி மடிக்கும்போது, ராத்திரி விளக்கை அணைத்த பிறகும். என் பெண்ணுக்கு இந்த மாதம் 18 முடிகிறது. அமெரிக்காவில் உங்கள் மகள் கான்சுவேலோவை மார்ல்பரோ டியூக் என்ற ஆங்கிலேயப் பிரபுவுக்கு நீங்கள் கட்டிக்கொடுத்த வயசு. மனசில் கிடப்பதை எழுதிவிட்டால் பாரம் கொஞ்சம் இறங்கும் என்று உட்கார்ந்துவிட்டேன்.

முதலில் அந்தக் கம்பியைப் பற்றிக் கேட்க வேண்டும். உங்கள் பெண் முதுமையில் தன் கதையை எழுதியபோது அதை மறக்காமல் எழுதியிருக்கிறாள். முதுகெலும்பை ஒட்டி ஓர் எஃகுக் கம்பி. இடுப்பில் ஒரு வார், தோள்களில் ஒரு வார், நெற்றியைச் சுற்றி இன்னொன்று. கூன் விழாமல் உட்காரப் பழக வேண்டும் என்று பாடம் படிக்கும் நேரத்தில் அதைக் கட்டிவிடுவீர்கள். தலையைக் குனிய முடியாது என்பதால், புத்தகத்தைக் கண்ணுக்கு நேரே தூக்கிப் பிடித்துத்தான் படிக்க வேண்டும். நான் ஒரு புத்தகத்தை அப்படிப் பிடித்துப் பார்த்தேன். ரெண்டு பக்கம் முடிவதற்குள் கை கடுக்க ஆரம்பித்துவிட்டது.

ஒரு நாள் உடை விஷயத்தில் அவள் "நான் நினைத்தேன்" என்று வாயெடுத்தபோது, நினைப்பதெல்லாம் என் வேலை, சொன்னதைச் செய்வது மட்டும்தான் உன் வேலை என்றீர்களாம். அதைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்தேன். என் பெண்ணிடம் அதே மாதிரி ஒன்றை நான் சொல்லி அதிக நாள் ஆகவில்லை.

உங்களையும் நினைத்துப் பார்க்கிறேன். அலபாமாவின் மொபீல் நகரத்தில் பஞ்சு வியாபாரி வீட்டில் பிறந்தீர்கள். உள்நாட்டுப் போருக்குப் பிறகு வசதி கரைந்தது. கையில் காசில்லாமல் குடும்பப் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு நிற்பது எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். 1875-ல் வில்லியம் வாண்டர்பில்டைக் கட்டிக்கொண்டீர்கள். ரயில்வே பணம் வந்தது, மரியாதை வரவில்லை. நியூயார்க்கின் பழைய பணக்காரக் குடும்பங்கள் உங்களைப் புதுப் பணக்காரி என்று ஒதுக்கி வைத்தன. 1883-ல் நீங்கள் நடத்திய மாறுவேட விருந்துக்கு அழைப்பு வேண்டும் என்பதற்காக, அந்தப் பழைய குடும்பங்களுக்கே தலைவியாக இருந்த மிசஸ் ஆஸ்டரே இறங்கிவந்து உங்களுக்கு மரியாதை செய்ய வேண்டியதாயிற்று. அந்த விருந்தின் முக்கிய விருந்தாளி உங்கள் சிநேகிதி கான்சுவேலோ இஸ்னாகா. 1876-லேயே ஓர் ஆங்கிலேயப் பிரபுவைக் கட்டிக்கொண்டு, பின்னால் மான்செஸ்டர் கோமகள் ஆனவர். அவர் பெயரைத்தான் உங்கள் பெண்ணுக்கு வைத்தீர்கள். பெயர் வைத்த நாளிலேயே மனசில் ஒரு கணக்கு இருந்ததா என்று எனக்குச் சந்தேகம்.

பிறகு 1895 மார்ச்சில் விவாகரத்து. உங்கள் வட்டாரத்தில் அன்றைக்கு அதை ஒரு பெண் கேட்டு வாங்குவது என்றால் எத்தனை வீட்டுக் கதவு முகத்தில் அடைபடும் என்று எனக்குப் புரிகிறது. ஒரு டியூக் மாப்பிள்ளையாக வந்தால் அத்தனை கதவும் திறந்துகொள்ளும் என்று நீங்கள் கணக்குப் போட்டதும் புரிகிறது. புரிகிறது என்பதால் அதை ஏற்றுக்கொண்டேன் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள்.

மாப்பிள்ளை வீட்டார் ஏன் கடல் தாண்டிப் பெண் தேடினார்கள் என்பதைப் படித்தபோதுதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. 1870-களின் கடைசியிலிருந்து அமெரிக்கச் சமவெளியின் கோதுமை ரயிலிலும் நீராவிக் கப்பலிலும் மலிவாக இங்கிலாந்துக்குப் போய் இறங்கியது. அங்கே தானிய விலை விழுந்தது, குத்தகை வருமானம் வற்றியது. பிரபுக்களின் சொத்தெல்லாம் நிலம். மூத்த மகனுக்கு அப்படியே போய்ச் சேர வேண்டும் என்று கட்டிவைத்த சொத்து, நினைத்தபடி விற்கவும் முடியாது. வேலைக்குப் போவதோ அவர்களுக்குக் கௌரவக் குறைச்சல். மார்ல்பரோ குடும்பம் பிளெனிம் அரண்மனையைக் காப்பாற்ற நூலகத்தை விற்றது, நகைக்கற்களை விற்றது, 1885-ல் ரஃபேல் வரைந்த மாதா ஓவியத்தை 70,000 பவுனுக்கு லண்டன் தேசிய ஓவியக்கூடத்துக்கு விற்றது. அந்தக் கோதுமையைத் துறைமுகத்துக்கு இழுத்துவந்த தண்டவாளங்களில் உங்கள் புகுந்த வீட்டின் நியூயார்க் சென்ட்ரல் ரயில்வேயும் ஒன்று. எந்த ரயில் அந்த வீட்டின் வருமானத்தை விழுங்கியதோ, அதே ரயிலின் பணம்தான் சீர்வரிசையாக அந்த வீட்டுக்குள் போயிருக்கிறது. நடுவில் இருந்தது ஒரு பெண்.

அந்த வீட்டுக்கு இது முதல் சம்பந்தமும் இல்லை. நியூயார்க்கின் ஜென்னி ஜெரோம் 1874-ல் அந்த வீட்டு இளைய மகன் ராண்டால்ஃப் சர்ச்சிலைக் கட்டிக்கொண்டு போனார். 1888-ல் பணக்கார விதவை லிலியன் ஹாமர்ஸ்லி உங்கள் மாப்பிள்ளையின் அப்பாவான எட்டாவது டியூக்கைக் கட்டிக்கொண்டார், அரண்மனைக் கூரை அவர் பணத்தில்தான் செப்பனிடப்பட்டது. எல்லாமே துயரக் கதை என்றும் நான் சொல்லமாட்டேன். உங்கள் வீட்டுக் கல்யாணம் நடந்த அதே 1895-ல் சிகாகோ வியாபாரி மகள் மேரி லைட்டர் ஜார்ஜ் கர்சனைக் கட்டிக்கொண்டார். எங்கள் பள்ளிப் புத்தகங்களில் வங்காளத்தைப் பிரித்த வைஸ்ராயாக வருகிற அதே கர்சன் பிரபுதான். மேரி அவரை ஆசைப்பட்டு, வருஷக்கணக்கில் காத்திருந்து கட்டிக்கொண்டவர். ஆசைப்பட்டுப் போவதும் அனுப்பி வைக்கப்படுவதும் ஒன்றா, சொல்லுங்கள்.

உங்கள் பெண்ணும் ஆசைப்பட்டாள். வின்த்ரப் ரதர்ஃபர்ட் மேல். அவள் பிறந்தநாளன்று பெயர் எழுதாமல் ஒற்றை ரோஜா வந்தது. அன்றைக்கு ரிவர்சைட் டிரைவில் எல்லோரும் சைக்கிளில் போனபோது ரெண்டு பேரும் வேகமாக மிதித்து உங்களை முந்திப் போனார்கள். அந்தச் சில நிமிஷத்தில் அவன் கேட்டான், அவள் சரி என்றாள். மிதிபலகையை வேகவேகமாக மிதித்தபடி நீங்கள் பின்னாலேயே வந்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். எந்தத் தாயும் வருவாள்.

அதற்கப்புறம் செய்ததைத்தான் என்னால் விழுங்க முடியவில்லை. ஐரோப்பாவுக்கு அழைத்துப் போனீர்கள், அவன் கடிதங்கள் அவள் கைக்குச் சேரவில்லை. லண்டனில் உங்கள் பழைய சிநேகிதி மினி பாஜெட் அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, மெல்லிய வலைத்துணி போதாது, சாட்டின் வேண்டும், கழுத்து இன்னும் இறங்க வேண்டும் என்று சொல்லி, விருந்தில் டியூக்குக்குப் பக்கத்தில் உட்காரவைத்தார். தரகு எந்த ஊரிலும் தரகுதான். நியூபோர்ட் திரும்பியதும் உங்கள் மாளிகையான மார்பிள் ஹவுஸுக்குள் அவளை யாரும் பார்க்க முடியாதபடி அடைத்து வைத்தீர்கள். அவனைச் சுட்டுவிடுவேன், நான் தூக்கில் தொங்கினால் அந்தப் பாவம் உனக்குத்தான் என்றீர்கள். அம்மாவுக்கு உன்னால் மாரடைப்பு வந்துவிட்டது என்று சிநேகிதியை விட்டுச் சொல்லவைத்தீர்கள். எல்லாவற்றையும்விட அதுதான் அவளைச் சாய்த்திருக்கும். அம்மா செத்துவிடுவாள் என்று சொன்னால் எந்தப் பெண்தான் தன் ஆசையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள்?

1895 நவம்பர் 6. ஃபிஃப்த் அவென்யூவில் செயின்ட் தாமஸ் தேவாலயம். அவள் அறை வாசலில் காவலுக்கு ஒரு பணியாள். உள்ளே தனியாக அழுதுகொண்டிருந்தாள். முகம் வீங்கிப்போய், அதைத் துடைத்துச் சரிசெய்து, இருபது நிமிஷம் தாமதமாக வந்து சேர்ந்தாள். அதே நாள் தேதி போட்ட ஒப்பந்தத்தில் பீச் கிரீக் ரயில்வேயின் 25 லட்சம் டாலர் பங்குகளின் வருமானம் டியூக்கின் ஆயுள் முழுக்க அவருக்கு என்று எழுதப்பட்டது. அதற்கு மேல் ரெண்டு பேருக்கும் வருஷம் தலா ஒரு லட்சம் டாலர்.

கல்யாணமான கையோடு டியூக் அவளிடம், தான் வேறொரு பெண்ணை விரும்பியதாகவும் பிளெனிமுக்காக அவளை விட்டுவிட்டதாகவும் சொல்லியிருக்கிறார். ஒரு வீட்டுக் கூரைக்கு ரெண்டு பேர் மனசு. டியூக்கின் பாட்டியோ முதல் சந்திப்பிலேயே, உன் முதல் கடமை ஒரு பிள்ளை பெறுவது, அதுவும் ஆண் பிள்ளை, இல்லாவிட்டால் அந்த வின்ஸ்டன் டியூக் ஆகிவிடுவான் என்றாராம். ஜென்னியின் மகனைத்தான் சொன்னார். ராத்திரிச் சாப்பாட்டில் டியூக் தட்டு நிறையப் போட்டுக்கொண்டு, அதைத் தள்ளி வைத்துவிட்டு, சுண்டுவிரல் மோதிரத்தைத் திருகியபடி கால் மணி நேரம் உட்கார்ந்திருப்பார். பிறகு ஆறிப்போய்விட்டது என்பார். பேச்சு கிடையாது. கான்சுவேலோ சாப்பாட்டு மேஜைக்குப் பின்னல் வேலையைக் கொண்டுபோக ஆரம்பித்தாள்.

ஆனாலும் அவள் நொடிந்து போகவில்லை, அம்மா. அரண்மனையில் மிஞ்சிய சாப்பாட்டை ஏழைகளுக்கு அனுப்புவது அங்கே பழக்கம். கறியும் காயும் இனிப்பும் ஒரே தகரப் பாத்திரத்தில் கலந்து போகும். அவள் அதை நிறுத்தி, தனித்தனியாகப் பிரித்து வைக்கச் சொன்னாள். வாங்குகிறவர்களுக்கு ஒரே ஆச்சரியம். நீங்கள் வளர்த்ததில் எனக்குப் பிடித்த பெண் அந்த இடத்தில்தான் தெரிகிறாள்.

1906-ல் பிரிந்தார்கள். நீங்களும் அதற்குப் பிறகு மாறத் தொடங்கினீர்கள். ரெண்டாவது கணவர் 1908-ல் இறந்த பிறகு பெண்கள் வாக்குரிமைக்காக உங்கள் பணத்தையும் குரலையும் கொட்டினீர்கள். வேலைநிறுத்தம் செய்த சட்டைத் தொழிற்சாலைப் பெண்களுக்கு ஜாமீன் நின்றீர்கள். 1914-ல் மார்பிள் ஹவுஸில் பெண்கள் மாநாடு கூட்டி, முக்கிய விருந்தினராக உங்கள் மகளை அழைத்தீர்கள். எந்த வீட்டில் அவளை அடைத்தீர்களோ, எந்த வீட்டில் டியூக்குக்கு அவள் சரி என்று சொல்ல வேண்டியிருந்ததோ, அதே வீடு. அவள் படியேறி உள்ளே வந்தபோது உங்களுக்கு எப்படி இருந்தது?

நான் உங்களுக்கு எழுத உட்கார்ந்ததே 1926-க்காகத்தான். அந்தத் திருமணம் செல்லாது என்று கத்தோலிக்கத் திருச்சபை அறிவிக்க வேண்டும் என்றால், மணமகள் கட்டாயப்படுத்தப்பட்டாள் என்று நிரூபிக்க வேண்டும். 73 வயசில் நீங்களே சாட்சி சொன்னீர்கள். என் பெண் மேல் எனக்கு முழு அதிகாரம் இருந்தது, நான் அவளிடம் கெஞ்சவில்லை, டியூக்கைக் கட்டிக்கொள் என்று உத்தரவு போட்டேன் என்றீர்கள். உன் நல்லதுக்குத்தான் என்று இழுக்கவில்லை. காலம் அப்படி இருந்தது என்று ஒதுங்கவில்லை. உலகமே பத்திரிகையில் படித்தது.

எனக்குத் தெரிந்த அம்மாக்களில், என்னையும் சேர்த்துத்தான், யாரும் அப்படிச் சொன்னதில்லை. பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு நின்றாலும் "எல்லாம் உனக்காகத்தான் செய்தேன்" என்பதற்கு மேல் எங்களுக்கு வாய் வராது. நீங்கள் சொன்ன அந்தச் சாட்சியால் உங்கள் பெண் விடுபட்டாள். ஏற்கெனவே மறுமணம் செய்துகொண்டிருந்த ழாக் பால்சானின் கத்தோலிக்க வீட்டார் முன் அவளால் நிமிர்ந்து நிற்க முடிந்தது. அதற்குக் கம்பி தேவைப்படவில்லை.

அடைத்துவைத்த கதவை நான் மன்னிக்கவில்லை. மன்னிக்க நான் யார், அது அவள் பாடு. ஆனால் போன வெள்ளிக்கிழமை என் பெண்ணை உட்காரவைத்து, அவள் படிப்பு விஷயத்தில் நான் போட்ட ஓர் உத்தரவைப் பற்றி, அது உன் விருப்பம் இல்லை, என் உத்தரவு, தப்பு என் மேல் என்று சொன்னேன். அதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்க்காமல் இருக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். அவள் ஒன்றும் பேசாமல் எழுந்துபோய் ரெண்டு டம்ளர் காபி போட்டுக்கொண்டு வந்தாள்.

சாட்சி சொல்லிவிட்டு வந்த அன்று ராத்திரி, நீங்களும் கான்சுவேலோவும் ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிட்டீர்களா? அதை மட்டும் உங்களிடம் கேட்க வேண்டும் போல இருக்கிறது.

அன்புடன்,
உங்களைப் போல ஒரு பெண்ணைப் பெற்றவள்